மலையில் ஆடியவர்கள், மலையின் பிள்ளைகள்: கார்த்தி செல்வத்தின் வழியாக நீலகிரி ஹாக்கியைப் பார்த்தல்

கேள்வி

2022 மே 23. ஜகார்த்தாவில் ஆசியக் கோப்பை ஹாக்கி; இந்தியாவுக்கு முதல் ஆட்டமே பாகிஸ்தானுடன். ஒன்பதாவது நிமிடத்தில் ஒரு பெனால்டி கார்னர் வழியாக இந்தியா முந்தியது. அந்தக் கோல் யார் கணக்கில் எழுதப்பட்டதோ அவர் அன்றுதான் முதன்முதலாக இந்தியச் சீருடையில் களமிறங்கியிருந்தார்: அரியலூரைச் சேர்ந்த கார்த்தி செல்வம், அப்போது வயது 20. ஆட்டம் முடியும் தறுவாயில் பாகிஸ்தான் சமன் செய்ய, முடிவு 1-1 ஆனது. அதே தொடரில் அறிமுகமான இன்னொருவர் கோவில்பட்டியின் மாரீஸ்வரன் சக்திவேல். இருவரும் கோவில்பட்டியில் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் நடத்தும் ஹாக்கிச் சிறப்பு விடுதியில் உருவானவர்கள்.

ஒரு கரிசல் பூமிச் சிறுநகரம் ஒரே தொடருக்கு இரண்டு பேரை அனுப்பியது. அதே தமிழ்நாட்டில், ஹாக்கி மட்டையை நூறாண்டுக்கு மேலாகக் கண்ணால் கண்டுவரும் மலை மாவட்டம் ஒன்று உண்டு. வெலிங்டனில் ராணுவம், லவ்டேலிலும் குன்னூரிலும் பழைய உறைவிடப் பள்ளிகள், ஓடி ஆடக் குளிர்ந்த காற்று, ஏறி இறங்கிப் பழகிய கால்கள் என்று நீலகிரிக்கு எல்லாம் இருப்பதாகத்தான் தோன்றும். ஆனாலும் கர்நாடகத்தின் மலை மாவட்டமான குடகு சொல்லிக்கொள்ளும் பட்டியலைப் போன்ற ஒன்று நீலகிரியிடம் இல்லை. ஏன்? கார்த்தி செல்வத்தின் இதுவரையிலான ஆட்ட வாழ்க்கையைச் சான்றாக வைத்து இந்தக் கேள்விக்கு விடை தேட முயல்கிறது இக்கட்டுரை. மட்டை ஓர் ஊருக்குள் வந்துவிட்டதாலேயே ஆட்டக்காரர் உருவாகிவிடுவதில்லை. அந்த ஊரின் பிள்ளைகள் பன்னிரண்டு வயதுக்குள் எத்தனை போட்டிகளில் ஆடினார்கள் என்பதே தீர்மானிக்கிறது என்பது என் வாதம்.

ஜகார்த்தாவுக்கு முன்னும் பின்னும்

கார்த்தி செல்வத்தைப் பற்றி நாளிதழ்களிலும் தொலைக்காட்சியிலும் வந்தவற்றில் பெரும்பாலானவை ஒரே அச்சில் வார்த்தவை. தந்தை காவலாளி, சிறிய வீடு, கடன்வாங்கிய மட்டை, தாயின் கண்ணீர், இந்தியச் சீருடை. இவற்றில் பொய்யேதும் இல்லை. ஆனால் இந்த வரிசை ஆட்டக்காரரைப் பற்றிச் சொல்வது மிகக் குறைவு. வறுமை தமிழ்நாட்டின் எல்லா மாவட்டங்களிலும் இருக்கிறது; முன்கள ஆட்டக்காரர்கள் எல்லா மாவட்டங்களிலிருந்தும் வருவதில்லை. எங்கும் இருக்கும் ஒன்றைக் காரணமாகக் காட்டி எங்கோ ஓரிடத்தில் மட்டும் நிகழ்ந்ததை விளக்க முடியாது. விளையாட்டு எழுத்தில் இந்த எளிய தர்க்கம் ஏனோ பல நேரம் மறந்துபோகிறது.

பதிவுகளைப் பார்ப்போம். 2022 ஆசியக் கோப்பைக்குப் போனது இந்தியாவின் முதல்நிலை அணி அல்ல. டோக்கியோ ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்றவர்களில் பெரும்பாலோருக்கு ஓய்வு கொடுத்துவிட்டு, சர்தார் சிங்கின் பயிற்சியில் இளைஞர்களை அனுப்பினார்கள். தலைவராக அறிவிக்கப்பட்ட ரூபிந்தர் பால் சிங் காயத்தால் விலக, பீரேந்திர லக்ரா தலைமையேற்றார். ஆக, கார்த்திக்கும் மாரீஸ்வரனுக்கும் கதவு திறந்தது ஓரளவு சூழ்நிலையால். இதைச் சொல்வது அவர்கள் திறமையைக் குறைப்பதாகாது. கதவு திறந்த நேரத்தில் வாசலில் நின்றிருந்தவர்கள் யார் என்பதுதான் நமக்கு முக்கியம். மே 26 அன்று இந்தோனேசியாவுடன் இந்தியா 15 கோல் வித்தியாசத்திலாவது வென்றால்தான் அடுத்த சுற்று என்ற நிலை. 16-0 என்று வென்றார்கள்; பாகிஸ்தான் வெளியேறியது. அந்தப் பதினாறில் கார்த்தியின் பங்கும் உண்டு. தென்கொரியாவுடனான 4-4 ஆட்டத்தில் மாரீஸ்வரன் ஒரு கோல் அடித்தார். தொடரின் முடிவில் ஜப்பானை 1-0 என வென்று வெண்கலம்.

அடுத்த கட்டம்தான் கடினமானது. 2022 நவம்பரில் புவனேஸ்வரில் நடந்த புரோ லீக் ஆட்டத்தில் நியூசிலாந்தை இந்தியா 7-4 என வென்றபோது கார்த்தி இரண்டு கோல் அடித்தார். இருந்தும் 2023 ஜனவரியில் ஒடிசாவில் நடந்த உலகக் கோப்பை அணியில் அவர் இல்லை. அதே ஆண்டு ஆகஸ்டில் சென்னை எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் அரங்கில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை நடந்தபோது அணியில் இருந்த ஒரே தமிழ்நாட்டுக்காரர் அவர்தான். மலேசியாவுடனான முதற்சுற்று ஆட்டத்தில் ஒன்று, ஜப்பானுடனான அரையிறுதியில் ஒன்று என உள்ளூர்க் கூட்டத்தின் முன் கோல் அடித்தார். இறுதியில் மலேசியாவை 4-3 என வென்று இந்தியா கோப்பையை எடுத்தது. அடுத்த மாதம் ஹாங்சோ ஆசிய விளையாட்டுக்கு அவர் போகவில்லை. 2024 பாரிஸ் ஒலிம்பிக்குக்கும் போகவில்லை. 2025 ஆசியக் கோப்பை ராஜ்கீரில் நடந்தபோது மாற்று வீரராக வைக்கப்பட்டிருந்தார்.

இந்த ஏற்ற இறக்கத்தை அவர் குறையாகப் படிப்பவர்கள் உண்டு. அநீதியாகப் படிப்பவர்களும் உண்டு. எனக்கு இரண்டும் மிகையாகப் படுகின்றன. இந்திய அணியின் முன்களத்தில் நிலைத்திருக்கும் இடங்கள் ஆறோ ஏழோதான். மன்தீப், லலித், அபிஷேக், சுக்ஜித் என வரிசைகட்டி நின்றவர்களுக்குப் பின்னால் பஞ்சாபும் ஹரியானாவும் உத்தரப் பிரதேசமும் இருந்தன. அங்கே ஒருவர் விழுந்தால் அடுத்தவர் எழும் அளவுக்கு ஆட்கள். தமிழ்நாட்டுக்கு அந்த அடர்த்தி இல்லை. 2004 ஏதென்ஸில் ஆடிய கோயம்புத்தூர் ஆடம் சின்கிளேருக்குப் பிறகு தமிழ்நாட்டிலிருந்து ஆண்கள் ஹாக்கிக்கு ஒரு ஒலிம்பிக் ஆட்டக்காரர் வரவில்லை. கிருஷ்ணமூர்த்தி பெருமாள், முனீர் சேட், வி. ஜே. பிலிப்ஸ், 1980 மாஸ்கோவில் தங்கம் வென்ற அணியின் தலைவர் வாசுதேவன் பாஸ்கரன், முகமது ரியாஸ் என்று ஒரு காலத்தில் தொடர்ந்து வந்த வரிசை அங்கே அறுந்தது. தனி ஒருவர் மேல் இருபது ஆண்டுப் பள்ளத்தை நிரப்பும் சுமையை ஏற்றிவிட்டு, அவர் ஒரு தொடரில் இடம்பெறாதபோது வருந்துவது பொருந்தாது.

கோவில்பட்டியும் குடகும்

கோவில்பட்டியை ‘ஹாக்கிப்பட்டி’ என்று அழைப்பது தெற்கே பழகிப்போன பேச்சு. ஆலைகளும் தீப்பெட்டித் தொழிலும் ரயில் நிலையமும் சேர்ந்து உருவாக்கிய ஊர். மழை பெய்தால் ஒட்டிக்கொள்ளும் மண்தான். ஆனால் கண்ணுக்கெட்டிய தூரம் சமதரை. உள்ளூர்க் குழுக்கள் ஒன்றோடொன்று மோதுவதும், இலட்சுமி அம்மாள் நினைவு அகில இந்தியப் போட்டிக்கு வடக்கிலிருந்து பெரிய அணிகள் வந்து ஆடுவதும் அந்த ஊர்ப் பிள்ளைகளுக்குக் கோடைகாலத் திருவிழா. ரயில்வே அணியின் தடுப்பாட்டக்காரர் எப்படி இடுப்பை வளைத்து மட்டையைத் தரையோடு தரையாகக் கிடத்துகிறார் என்பதை வேலியோரம் நின்று பார்த்த சிறுவன் மறுநாள் காலை தெருவில் அதைச் செய்து பார்க்கிறான். செயற்கைப் புல்தரையும் அரசு விடுதியும் இதன் மேல் வந்து அமர்ந்தவை. வரிசை முக்கியம்: முதலில் ஆட்டம், பிறகு போட்டி, அதன் பிறகே விடுதியும் தரையும்.

இப்போது குடகு. 2011 கணக்கெடுப்பின்படி குடகின் மக்கள்தொகை சுமார் ஐந்தரை இலட்சம். நீலகிரியின் மக்கள்தொகை ஏழு இலட்சத்து முப்பத்தைந்தாயிரம். அதாவது குடகு சிறியது. அங்கும் மலை, அங்கும் தோட்டம். தேயிலைக்குப் பதில் காபி. அங்கிருந்து இந்தியாவுக்கு ஆடியவர்கள் ஐம்பதைத் தாண்டுவார்கள். 1973 உலகக் கோப்பையில் அணித் தலைவராக இருந்த எம். பி. கணேஷ், 1975 உலகக் கோப்பையை வென்ற அணியின் பி. பி. கோவிந்தா, 1988 சியோல் ஒலிம்பிக்கில் தலைமையேற்ற எம். எம். சோமையா, பின்னாளில் அர்ஜுன் ஹாலப்பா, வி. ஆர். ரகுநாத். ராணுவத்தில் சேர்ந்த கொடவ இனத்தவர் ஆட்டத்தோடு ஊர் திரும்பினார்கள் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் விளக்கம், அது சரியும்கூட. ஆனால் அதன் பிறகு நடந்ததுதான் விசேஷம். ஆட்டத்தைக் குலம் எடுத்துக்கொண்டது. 1997-இல் பாண்டண்ட குட்டப்பா முயற்சியில் கரடா என்ற ஊரில் 60 குடும்பங்களோடு தொடங்கிய கொடவ குடும்ப ஹாக்கித் திருவிழா ஆண்டுதோறும் வேறு வேறு குடும்பத்தின் பொறுப்பில் நடக்கிறது. அணி என்பது ‘ஒக்கா’ எனப்படும் குலக்குடும்பம். பாட்டனும் பேரனும் மருமகளும் ஒரே அணியில் ஆடலாம். 2024-இல் நாபோக்லுவில் நடந்தபோது 360 குடும்பங்கள் கலந்துகொண்டு கின்னஸ் பதிவில் இடம்பிடித்தன.

இது குலப்பெருமை சார்ந்த விஷயம், மற்றவர்களுக்குப் பொருந்தாது என்று ஒதுக்கத் தோன்றலாம். இங்கே எஸ். வி. சுனிலை நினைவில் கொள்ள வேண்டும். குடகின் சோமவார்பேட்டையில் ஒரு தச்சர் வீட்டில் பிறந்தவர்; கொடவர் அல்லர். சுற்றிலும் எல்லோரும் ஆடும் ஆட்டம் குல எல்லையைத் தாண்டி வழிந்து அவரையும் தொட்டது. 2007-இல் சென்னையில் நடந்த ஆசியக் கோப்பையில் அறிமுகமானார். 2022-இல் ஜகார்த்தாவில் கார்த்தியும் மாரீஸ்வரனும் முதல் அடி எடுத்துவைத்தபோது அதே அணியின் துணைத்தலைவர் அவரே. கரிசல்காட்டு விடுதியும் காபி மலையின் திருவிழாவும் ஒரே முன்களத்தில் சேர்ந்து நின்றன. ஒடிசாவின் சுந்தர்கட் மாவட்டத்தை மூன்றாவதாகச் சேர்க்கலாம். அங்கே கிராமப் போட்டிகளில் வெற்றி பெற்ற அணிக்குப் பரிசாக ஆட்டுக்கடா கொடுப்பார்கள். அன்றிரவே அது விருந்தாகிவிடும். திலீப் திர்க்கியும் பீரேந்திர லக்ராவும் அமித் ரோஹிதாஸும் வந்தது அந்தப் பின்னணியிலிருந்து. ரூர்கேலாவின் பான்போஷ் விளையாட்டு விடுதி அந்தக் கிராமப் போட்டிகளில் ஏற்கெனவே கைதேர்ந்த பிள்ளைகளைத்தான் பொறுக்கி எடுத்தது.

மூன்று இடங்களிலும் சமூகம் வேறு, தொழில் வேறு, மண் வேறு. பொதுவாக இருப்பது ஒன்றே. சிறுவர்கள் கண்முன் அடிக்கடி போட்டி நடக்கிறது. அதில் அவர்கள் ஆடவும் முடிகிறது. போட்டியில் தோற்றால் ஊரில் யாரோ கேட்பார்கள்.

வெலிங்டன், லவ்டேல், லயன் வீடுகள்

நீலகிரிக்கு ஹாக்கி வந்த வழி இரண்டு. ஒன்று படைமுகாம். ஜக்கதளா என்ற இடம் 1850-களில் ராணுவக் குடியிருப்பாகி வெலிங்டன் என்று பெயர் பெற்றது. 1947 முதல் மதராஸ் படைப்பிரிவின் பயிற்சி மையமும் முப்படை அதிகாரிகள் கல்லூரியும் அங்கே இயங்குகின்றன. பிரிட்டிஷ் இந்தியாவில் ஹாக்கி பரவியதே படைமுகாம்கள் வழியாகத்தான். தியான் சந்தும் ஒரு சிப்பாய். இரண்டாவது வழி உறைவிடப் பள்ளி. 1858-இல் தொடங்கிய லாரன்ஸ் பள்ளி, அதே காலத்துக் குன்னூர் ஸ்டேன்ஸ் பள்ளி, பின்னால் வந்த புனித சூசையப்பர் பள்ளி போன்றவற்றில் ஆட்டம் பாடத்திட்டத்தின் ஒரு பகுதி போல இருந்தது.

இந்த இரண்டு வழிகளிலும் ஆடியவர்களின் வீடு எங்கே என்று கேட்டுப் பார்த்தால் விஷயம் தெளிவாகும். மதராஸ் படைப்பிரிவின் சிப்பாய் தென்னிந்தியாவின் எந்த மாவட்டத்திலிருந்தும் வந்தவராக இருக்கலாம். பணி முடிந்ததும் திருநெல்வேலிக்கோ கொல்லத்துக்கோ சித்தூருக்கோ போய்விடுவார். உறைவிடப் பள்ளி மாணவர் சென்னை, பெங்களூரு, வளைகுடா நாடுகள் என எங்கிருந்தோ வந்து பன்னிரண்டாம் வகுப்போடு மலையிறங்குவார். குடகில் சிப்பாய் ஊர் திரும்பியபோது ஆட்டம் அவரோடு வீட்டுக்குள் வந்தது. வெலிங்டனில் சிப்பாய் ஊர் திரும்பும்போது ஆட்டம் அவரோடு மலையை விட்டுப் போனது. மலையில் ஆடியவர்கள் ஏராளம். அவர்களில் மலையின் பிள்ளைகள் சொற்பம். மாவட்டத்தில் ஹாக்கிச் சங்கம் இல்லையா, உள்ளூர்ப் பள்ளிகள் ஆடவில்லையா என்றால், உண்டு. படகர் ஊர்களான ஹட்டிகளிலிருந்தும் குன்னூர், உதகை நகரங்களிலிருந்தும் நல்ல ஆட்டக்காரர்கள் வந்திருக்கிறார்கள். ஆனால் ஓர் ஊரே திரண்டு பார்க்கும் ஆட்டமாக ஹட்டித் திடல்களில் இடம்பிடித்தது கால்பந்தும் கிரிக்கெட்டும் வாலிபாலும்தான். ஹாக்கிக்கு வேலிக்கு உள்ளே இடம் கிடைத்தது. வேலிக்கு வெளியே வழக்கமாகவில்லை.

எஸ்டேட் பக்கம் வந்தால் நிலைமை இன்னும் இறுக்கம். 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்துக்குப் பின் இலங்கையிலிருந்து திரும்பிய மலையகத் தமிழர்களுக்காக வனநிலத்தில் தேயிலை நட்டு உருவாக்கப்பட்டது டேன்டீ என்ற இன்றைய அரசுத் தேயிலைத் தோட்டக் கழகம். கூடலூர், பந்தலூர், கோத்தகிரி, குன்னூர் எனப் பரந்திருக்கும் அந்தக் கோட்டங்களிலும் தனியார் தோட்டங்களிலும் லயன் வீடுகளில் வளரும் ஒரு சிறுமியின் மாலை நேரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பள்ளி விட்டு அரசுப் பேருந்தைப் பிடித்து, இறங்கிய இடத்திலிருந்து தேயிலைக்கு நடுவே ஒற்றையடிப் பாதையில் நடக்க வேண்டும். அந்தப் பாதையில் குன்னூர்ப் பக்கம் என்றால் காட்டுமாடு, பந்தலூர்ப் பக்கம் என்றால் யானை. கொழுந்தெடுத்து எடை போட்டுவிட்டு அம்மா வீடு திரும்புவதற்குள் பிள்ளை வீட்டில் இருந்தாக வேண்டும். தென்மேற்குப் பருவத்தில் கூடலூரிலும் வடகிழக்குப் பருவத்தில் குன்னூர், கோத்தகிரியிலும் நாலரை மணிக்கே மூடுபனி இறங்கிவிடும். சமவெளியில் ஹாக்கிப் பயிற்சி என்றாலே மாலை ஐந்து முதல் ஏழு மணி வரை. இங்கே அந்த இரண்டு மணி நேரமே கிடையாது. கோவில்பட்டிச் சிறுவனுக்கும் நீலகிரிச் சிறுமிக்கும் இடையிலான தூரத்தில் இந்த இரண்டு மணி நேரத்துக்குப் பெரும் பங்கு உண்டு. மலைக்காற்றின் நன்மையைப் பற்றிப் பேசுபவர்கள் மலைமாலையின் இந்தக் கணக்கைப் போடுவதில்லை.

தரையும் ஒரு தடை. ஹாக்கி ஆடுகளம் 91.4 மீட்டர் நீளம், 55 மீட்டர் அகலம். ஓரங்களில் விட வேண்டிய இடத்தையும் சேர்த்தால் ஏறக்குறைய ஒன்றரை ஏக்கர் சமதரை வேண்டும். மலையில் சமதரை என்பது இயற்கை கொடுத்ததல்ல. சரிவை வெட்டித்தான் எடுக்க வேண்டும். 2009 நவம்பரில் ஏற்பட்ட நிலச்சரிவுகளில் 40-க்கும் மேற்பட்டோர் இறந்த மாவட்டத்தில், மலையை வெட்டி மைதானம் போடுவோம் என்று லேசாகச் சொல்லிவிட முடியாது. டேன்டீயின் நிலம் வனத்துறையுடையது. கூடலூரில் உரிமை தீராத ‘பிரிவு 17’ நிலங்களின் சிக்கல் தனிக்கதை. கிடைக்கும் சமதரைகள் பெரும்பாலும் படைமுகாமிடமோ பள்ளிகளிடமோ ஏற்கெனவே பிரிந்து போனவை.

சில மறுப்புகள்

இந்த வாதத்துக்கு மூன்று மறுப்புகளை எதிர்பார்க்கலாம். முதலாவது இயற்கையை முன்வைப்பது. உயரமான இடத்தில் வாழ்பவர்களுக்கு மூச்சுவலிமை அதிகம். நீலகிரியில் முறையாகத் தேடினால் போதும், ஆட்டக்காரர்கள் தாமாகக் கிடைப்பார்கள் என்பது அதன் சாரம். உதகையின் உயரம் சுமார் 2,240 மீட்டர். 1968 ஒலிம்பிக் நடந்த மெக்சிகோ நகரமும் கிட்டத்தட்ட அதே உயரம்தான். இந்தியா அங்கே வெண்கலம் வென்றது, அந்த அணியில் தமிழ்நாட்டின் பெருமாளும் முனீர் சேட்டும் இருந்தார்கள். அந்த மெல்லிய காற்றில் தாக்குப்பிடிக்கத் தேவைப்பட்ட வலிமை அவர்களுக்குப் பயிற்சியால் வந்தது. மடிக்கேரியோ உதகையில் ஏறக்குறைய பாதி உயரம். உயரமே ஆட்டக்காரரைத் தருமென்றால் குடகைவிட நீலகிரிதான் முந்தியிருக்க வேண்டும். நீண்டதூர ஓட்டத்துக்கு இந்த வாதம் ஓரளவு செல்லும். ஹாக்கி கையும் கண்ணும் கணநேர முடிவும் சேர்ந்த ஆட்டம். அதற்கு நுரையீரல் மட்டும் போதாது.

இரண்டாவது மறுப்பு கனமானது. செயற்கைத் தரை இல்லாததே எல்லாவற்றுக்கும் காரணம் என்கிறது அது. 1975-இல் கோலாலம்பூரில் உலகக் கோப்பையை வென்ற இந்தியா, செயற்கைத் தரை முதன்முதலாக வந்த 1976 மாண்ட்ரியல் ஒலிம்பிக்கில் ஏழாவது இடத்துக்குச் சரிந்தது என்பது உண்மை. தரையில்லாத இடத்திலிருந்து இன்று யாரும் நேரடியாக இந்திய அணிக்குப் போக முடியாது என்பதும் உண்மை. ஆனால் தரை இருந்த இடத்தில் என்ன நடந்தது? சென்னை எழும்பூர் அரங்கில் 1996, 2005 சாம்பியன்ஸ் கோப்பைகளும் 2007 ஆசியக் கோப்பையும் நடந்தன. மாநிலத்தின் மிகச் சிறந்த தரை தலைநகரின் நடுவே கால் நூற்றாண்டுக்கு மேல் கிடந்தும், 2004-க்குப் பின் ஒலிம்பிக்குக்கு ஒருவரும் போகவில்லை; 2022-இல் வந்த இருவரும் கோவில்பட்டியிலிருந்து வந்தார்கள். ரயில்வே, ஐ.சி.எஃப்., இந்தியன் வங்கி, இந்தியன் ஓவர்சீஸ் வங்கி போன்றவை ஆட்டக்காரர்களுக்கு வேலை கொடுத்து நடத்திய சென்னை லீக் ஆட்டங்கள் களையிழந்ததும், பொதுத்துறையில் விளையாட்டு ஒதுக்கீட்டு ஆளெடுப்பு சுருங்கியதும் தரையைவிடப் பெரிய சேதத்தை விளைவித்தன என்றே கருதுகிறேன். ஒவ்வோர் ஆட்டத்துக்கும் முன் ஆயிரக்கணக்கான லிட்டர் தண்ணீர் தெளித்தாக வேண்டிய ஒரு தரையை, கோடையில் குடிநீருக்கே வரிசை நிற்கும் மலை நகரத்தில் முதல் வேலையாகப் போடுவது கடைசிப் படியை முதலில் கட்டுவதாகும்.

மூன்றாவது மறுப்பு கார்த்தியின் வாழ்க்கையிலிருந்தே எழுகிறது. எனக்கு மிகவும் தொல்லை கொடுப்பதும் அதுவே. அவர் கோவில்பட்டிக்காரர் அல்லர். சுண்ணாம்புக்கல்லுக்கும் சிமென்ட் ஆலைகளுக்கும் பெயர்போன அரியலூர், குடகைப் போலவோ கோவில்பட்டியைப் போலவோ ஹாக்கி ஊர் அல்ல. அங்கிருந்து ஒரு பையன் விடுதி வழியாக இந்திய அணிக்குப் போக முடிந்தால், ஊரின் ஆட்டப் பழக்கம் என்ற வாதம் எதற்கு? நீலகிரிப் பிள்ளைகளையும் கோவில்பட்டி விடுதிக்கு அனுப்பினால் போகிறது!

இதில் பாதி நியாயம் இருக்கிறது. விடுதி என்ற அமைப்பின் வலிமையே அதுதான். ஓர் ஊரின் வளத்தை வேற்றூர்ப் பிள்ளைக்கும் திறந்துவிடுகிறது. கார்த்தி கோவில்பட்டிக்குப் போனபோது அங்கே அவருக்குப் படுக்கையும் உணவும் பயிற்சியாளரும் மட்டும் கிடைக்கவில்லை. வாரந்தோறும் மோதுவதற்கு ஆட்கள் கிடைத்தார்கள். அதைத் தந்தது ஊர். விடுதியை அப்படியே பெயர்த்து ஹாக்கி ஆடாத ஓர் ஊரில் வைத்திருந்தால் அதே விளைவு வந்திருக்குமா என்பது சந்தேகம். இன்னொன்று, விடுதியின் வாசல் எப்போதும் திறந்திருப்பதில்லை. ஆணையத்தின் விளையாட்டு விடுதிகளுக்கு மாணவர்களை எடுப்பது ஏழு, எட்டு, ஒன்பது, பதினொன்றாம் வகுப்புகளில், தகுதித் தேர்வு வைத்து. மட்டையை ஏற்கெனவே பிடிக்கத் தெரிந்தவர்தான் அந்தத் தேர்வில் தேறுவார். அரியலூரில் ஹாக்கித் திருவிழா இல்லாவிட்டாலும், கார்த்தியின் கையில் உரிய வயதில் மட்டையைக் கொடுத்து ஆடவைக்கப் பள்ளி என்ற முதல் கண்ணி இருந்தது. பந்தலூர் எஸ்டேட் பள்ளியின் ஏழாம் வகுப்புப் பிள்ளைக்கு அந்தக் கண்ணியே இல்லையென்றால், கோவில்பட்டி விடுதி முந்நூறு கிலோமீட்டருக்கு அப்பால் இருந்தால் என்ன, அடுத்த தெருவில் இருந்தால் என்ன?

முதல் கண்ணி

எனவே கேள்வி விடுதிக்கும் தரைக்கும் முந்தைய வயதில் வந்து நிற்கிறது. ஐந்தாம் வகுப்பிலிருந்து ஏழாம் வகுப்புக்குள், நீலகிரியின் ஒரு பிள்ளை ஆண்டுக்கு எத்தனை போட்டிகளில் ஆட முடியும்? இதற்குப் பெரிய ஆடுகளம் தேவையில்லை. சர்வதேச ஹாக்கிக் கூட்டமைப்பே ஐவர் ஹாக்கி என்ற குறுவடிவத்தை நடத்துகிறது. 2024 ஜனவரியில் மஸ்கட்டில் அதற்கு உலகக் கோப்பை நடந்தது, மகளிர் பிரிவில் இந்தியா இறுதிவரை சென்று நெதர்லாந்திடம் தோற்றது. அதற்கான களம் முழு ஆடுகளத்தில் பாதிகூட வராது. ஹட்டித் திடலிலும் எஸ்டேட் பள்ளி முற்றத்திலும் அடங்கும். மண்தரையில் பந்து தாறுமாறாகத் துள்ளும் என்பார்கள். துள்ளட்டும், பன்னிரண்டு வயதில் அந்தத் துள்ளலைக் கட்டுப்படுத்தப் பழகிய கை பின்னால் வழவழப்பான தரைக்கு மாறுவது எளிது. சுந்தர்கட்டின் பிள்ளைகள் தொடங்கியது மண்ணில்தான்.

ஐவர் ஹாக்கி பழகிய பிள்ளைகள் பதினோரு பேர் ஆட்டத்தின் விரிந்த இடத்தையும் நீண்ட பந்துக் கடத்தலையும் கற்கத் தாமதமாகும் என்று பயிற்சியாளர்கள் சிலர் ஆட்சேபிக்கக்கூடும். ஆட்சேபம் சரியானதே. ஆனால் அந்தக் குறையைத் திருத்துவதற்குத்தான் விடுதி இருக்கிறது. மட்டையே பிடிக்காத பிள்ளையிடம் திருத்த எதுவும் இல்லை.

நேரத்தைப் பொறுத்தவரை, மலைக்கு மாலைப் பயிற்சி ஒத்துவராது என்பதை ஏற்றுக்கொண்டு சனிக்கிழமை காலைக்குப் போட்டிகளை மாற்றலாம். காட்டுமாடும் மூடுபனியும் பத்து மணிக்கு அவ்வளவாக இருப்பதில்லை. வெலிங்டனின் வேலிக்குள் இருக்கும் ஆட்ட அறிவைச் சனிக்கிழமைகளில் நடுவர்களாகவும் பயிற்சியாளர்களாகவும் வெளியே கொண்டுவரலாம். உறைவிடப் பள்ளிகள் தம் மைதானங்களை மாதத்தில் ஒரு நாள் அரசுப் பள்ளிகளுக்குத் திறந்துவிடலாம். மாவட்ட நிர்வாகம் ஓர் உத்தரவில் தொடங்கிவைக்கக்கூடிய காரியம்தான். பணம் என்று பார்த்தால் மட்டை, பந்து, முழங்கால் காப்பு, பிள்ளைகளை ஏற்றிவர ஒரு பேருந்து. குன்னூர், கோத்தகிரி, உதகை, கூடலூர், பந்தலூர், குந்தா ஆகிய ஆறு வட்டங்களும் தலா நான்கு பள்ளி அணிகளைச் சேர்த்தாலே 24 அணிகள் ஆகின்றன. வட்டத்துக்குள் ஒவ்வோர் அணியும் மற்ற மூன்றுடன் இருமுறை மோதினால் ஒரு பிள்ளைக்கு ஆறு ஆட்டம். ஐந்தாம் வகுப்பிலிருந்து ஏழாம் வகுப்புத் தேர்வுக்கு வருவதற்குள் இரண்டு பருவம், பன்னிரண்டு ஆட்டம்.